கிராண்ட்மாஸ்டர் பட்டம்: எப்படிக் கிடைக்கிறது, எதைக் காட்டுகிறது

2025 ஜூலையில் ஜார்ஜியாவின் பதுமி நகரில் நடந்த மகளிர் உலகக் கோப்பை செஸ் போட்டியின் இறுதிச் சுற்றில், திவ்யா தேஷ்முக் அனுபவத்தில் மிக மூத்தவரான கோனேரு ஹம்பியை டைபிரேக்கரில் வென்றார். கோப்பையோடு சேர்ந்து அன்றே கிராண்ட்மாஸ்டர் பட்டமும் அவருக்கு உரியதாயிற்று. இந்தியாவின் 88-வது கிராண்ட்மாஸ்டர் அவர். அந்தப் போட்டிக்கு வந்தபோது, அப்பட்டத்துக்கு வழக்கமாகத் தேவைப்படும் மூன்று நார்ம்களில் ஒன்றுகூட அவரிடம் இருக்கவில்லை. செய்தியைப் படித்த பலருக்கும் அப்போது எழுந்த கேள்வி நியாயமானது: நார்ம் என்பது என்ன, அது இல்லாமலே பட்டம் கிடைக்குமென்றால் மற்றவர்கள் ஏன் அதற்காக நாடு நாடாகச் சென்று விளையாடுகிறார்கள்? செஸ் ஆட்டத்தின் விதிகளை மட்டும் அறிந்த ஒருவருக்கும் புரியும்படி இதை விளக்குவதே இக்கட்டுரையின் நோக்கம்.

1924-ல் பாரிஸ் நகரில் தொடங்கப்பட்ட உலகச் செஸ் கூட்டமைப்பான ஃபிடே, வீரர்களுக்கு அளிக்கும் பட்டங்களில் மிக உயர்ந்தது கிராண்ட்மாஸ்டர். அதற்குக் கீழே இன்டர்நேஷனல் மாஸ்டர், ஃபிடே மாஸ்டர், கேண்டிடேட் மாஸ்டர் என்று மூன்று படிகள் உள்ளன. ஒருமுறை பெற்றுவிட்டால் இப்பட்டம் வாழ்நாள் முழுவதும் நிலைக்கும். பின்னாளில் ஆட்டத்திறன் குறைந்தாலும், விளையாடுவதையே விட்டுவிட்டாலும் கிராண்ட்மாஸ்டர் கிராண்ட்மாஸ்டரே. உலகச் சாம்பியன் என்ற மகுடம் ஒருவரிடமிருந்து மற்றொருவருக்குக் கைமாறுகிறது. கிராண்ட்மாஸ்டர் பட்டம் அப்படிக் கைமாறுவதில்லை.

பெரிய ஆட்டக்காரர்களை அச்சொல்லால் குறிப்பிடும் வழக்கம் முன்பே இருந்தபோதிலும், ஃபிடே அதை முறையான பட்டமாக வழங்கத் தொடங்கியது 1950-ல்தான். அந்த ஆண்டு 27 பேர் அதைப் பெற்றனர். அன்றைய உலகச் சாம்பியன் மிகயீல் போட்வின்னிக்கும் இளைஞரான டேவிட் பிரான்ஸ்டைனும் அப்பட்டியலில் இருந்தனர். தம் உச்ச காலத்தைப் பல பத்தாண்டுகளுக்கு முன்பே கடந்துவிட்ட அகிபா ரூபின்ஸ்டைனும், 1865-ல் பிறந்த ழாக் மீசெஸும் இருந்தனர். அப்போது உயிருடன் இருந்தவர்களே கருதப்பட்டதால், அதற்குச் சில ஆண்டுகள் முன்பு மறைந்துவிட்ட லாஸ்கர், கபபிளாங்கா, அலெஹின் ஆகிய மூன்று உலகச் சாம்பியன்களின் பெயர்கள் அதிகாரபூர்வப் பட்டியலில் இடம்பெறவில்லை. பிரிட்டிஷ் சாம்பியன்ஷிப்பை மூன்று முறை வென்ற பஞ்சாபைச் சேர்ந்த மீர் சுல்தான் கான் அன்று உயிருடன் இருந்தும் பட்டம் பெறவில்லை. அவர் மறைந்து பல பத்தாண்டுகளுக்குப் பின், 2024-ல்தான் ஃபிடே அவருக்குக் கௌரவ கிராண்ட்மாஸ்டர் பட்டம் அளித்தது. மிகவும் தாமதமாக வந்த நியாயம் என்றுதான் இதைச் சொல்ல வேண்டும்.

இன்று இப்பட்டத்தைப் பெறுவதற்கு இரண்டு தகுதிகள் வேண்டும்: ஆட்டத்திறனைக் காட்டும் எண்ணான ரேட்டிங் 2500-ஐத் தொட வேண்டும், நார்ம்கள் பெற வேண்டும். முதலில் ரேட்டிங்கைப் பார்ப்போம்.

ஹங்கேரியில் பிறந்து அமெரிக்காவில் இயற்பியல் பேராசிரியராக இருந்த அர்பாட் எலோ உருவாக்கிய கணக்கு முறையை ஃபிடே 1970-ல் ஏற்றுக்கொண்டது. அதன் அடிப்படை எளியது. இரண்டு வீரர்களின் ரேட்டிங் வித்தியாசத்தைக் கொண்டு, அவர்களுக்கிடையிலான ஆட்டத்தில் ஒவ்வொருவரும் சராசரியாக எத்தனை புள்ளி எடுப்பார் என்று முன்கூட்டியே கணிக்கலாம். வெற்றிக்கு ஒரு புள்ளி, டிராவுக்கு அரைப் புள்ளி. இருவரும் சம ரேட்டிங் உடையவர்களானால் எதிர்பார்ப்பு ஆளுக்கு அரைப் புள்ளி. 100 புள்ளி வித்தியாசம் இருந்தால் வலியவரின் எதிர்பார்ப்பு 0.64, 200 இருந்தால் 0.76. ஆட்டம் முடிந்ததும், எதிர்பார்ப்புக்கு மேல் எடுத்தவருக்கு ரேட்டிங் கூடுகிறது. கீழே எடுத்தவருக்குக் குறைகிறது.

ஓர் ஆட்டத்தை வைத்துக் கணக்கிட்டுப் பார்ப்பது நல்லது. 2500 ரேட்டிங் உள்ளவர் 2400 உள்ளவருடன் மோதுகிறார் என்று கொள்வோம். ஒருமுறை 2400-ஐத் தொட்டவர்களுக்கு ஃபிடே 10 என்ற பெருக்கெண்ணைப் பயன்படுத்துகிறது. வென்றால் அவருக்குக் கிடைப்பது ஒன்றிலிருந்து 0.64-ஐக் கழித்து வரும் 0.36-ஐப் பத்தால் பெருக்கினால் வரும் 3.6 புள்ளிகள் மட்டுமே. டிரா செய்தால் 1.4 புள்ளிகளை இழப்பார். தோற்றால் 6.4 போய்விடும். தம்மைவிடப் பலம் குறைந்தவர்களுடன் ஆடும்போது ஒரு தோல்வியின் இழப்பை ஈடுகட்ட ஏறத்தாழ இரண்டு வெற்றிகள் தேவைப்படுகின்றன என்பது இதிலிருந்து தெரியும். 2470-களிலும் 2480-களிலும் வீரர்கள் ஆண்டுக்கணக்கில் தேங்கி நிற்பதற்கு இந்தக் கணக்கே காரணம். ஒரு ஆறுதல் உண்டு: 2500 என்ற எண் மாதாந்திரப் பட்டியலில் வெளிவர வேண்டியதில்லை. ஒரு போட்டியின் நடுச் சுற்றில் அதைத் தொட்டு, அடுத்த சுற்றிலேயே தோற்றுக் கீழே வந்தாலும் தகுதி நிறைவேறியதாகவே கொள்ளப்படும்.

இனி நார்ம். ஒரு வீரர் ஒரு குறிப்பிட்ட போட்டியில் கிராண்ட்மாஸ்டர் தரத்தில் ஆடினார் என்பதற்கான சான்றே நார்ம். அந்தத் தரத்தை ஃபிடே எண்ணால் வரையறுக்கிறது: அப்போட்டியில் அவரது செயல்திறன் ரேட்டிங் 2600 ஆகவோ அதற்கு மேலோ இருக்க வேண்டும். எதிர்த்து ஆடியவர்களின் சராசரி ரேட்டிங்கையும் எடுத்த புள்ளிகளையும் சேர்த்து இது கணக்கிடப்படுகிறது. ஒன்பது சுற்றுப் போட்டியில் எதிராளிகளின் சராசரி 2380 என்றால் ஏழு புள்ளிகள் எடுக்க வேண்டும். சராசரி 2475 என்றால் ஆறு போதும். 2520 என்றால் ஐந்தரை. சராசரி 2600-ஆகவே இருந்துவிட்டால் நாலரைப் புள்ளி, அதாவது ஒன்பது ஆட்டங்களையும் டிரா செய்தாலே நார்ம் கிடைத்துவிடும். ஆனால் அவ்வளவு வலிமையான ஒன்பது பேரிடம் தோற்காமல் தப்புவது எவ்வளவு கடினம் என்பதை ஆடியவர்களே அறிவார்கள். சராசரி 2380-க்குக் கீழே இருந்தால் ஒன்பது ஆட்டங்களையும் வென்றாலும் நார்ம் கிடையாது.

இந்தக் கணக்கினால் கடைசிச் சுற்றுகளில் ஒரு விசித்திரமான நெருக்கடி உண்டாகிறது. எட்டுச் சுற்றுகளின் முடிவில் ஒரு வீரருக்கு இன்னும் அரைப் புள்ளி போதும் என்ற நிலை இருக்கலாம். அப்போது அவர் வெற்றி வாய்ப்புள்ள நிலையில்கூட டிராவை நாடுவார். வேறொருவருக்கு முழுப் புள்ளி தேவைப்படலாம். அப்போது கறுப்புக் காய்களுடன் ஆடினாலும், சமநிலையில் இருக்கும் ஆட்டத்தை வலிந்து சிக்கலாக்கி அபாயத்தைத் தேடிச் செல்வார். ஒன்பதாவது சுற்றில் தமக்கு யார் எதிராளியாக வருகிறார் என்பதைப் பொறுத்துச் சராசரியே மாறி, தேவைப்படும் புள்ளியும் மாறிவிடுவது உண்டு. போட்டியின் வெற்றியாளர் முதல் மேசையில் முடிவாகிக்கொண்டிருக்கும்போது, பத்தாவது மேசையில் ஒருவர் தம் பட்டத்துக்காகப் போராடிக்கொண்டிருப்பதன் பொருள் இதுதான்.

நார்முக்கு வேறு நிபந்தனைகளும் உண்டு. எதிராளிகளில் மூன்றில் ஒரு பங்கினராவது, ஒன்பது சுற்றுகளானால் குறைந்தது மூவர், கிராண்ட்மாஸ்டர்களாக இருக்க வேண்டும். பாதிப் பேராவது ஏதேனும் ஒரு பட்டம் பெற்றவர்களாக இருக்க வேண்டும்; கேண்டிடேட் மாஸ்டர் பட்டம் இதற்குச் சேராது. வீரரின் சொந்த நாட்டுச் செஸ் கூட்டமைப்பைத் தவிர வேறு இரண்டு கூட்டமைப்புகளைச் சேர்ந்தவர்களாவது எதிராளிகளில் இருக்க வேண்டும். ஆட்டங்கள் நீண்ட நேரக் கட்டுப்பாட்டில் நடக்கும் கிளாசிக்கல் ஆட்டங்களாக இருக்க வேண்டும். குறைந்த நேரத்தில் முடியும் ரேபிட், பிளிட்ஸ் ஆட்டங்கள் கணக்கில் வாரா. இப்படிப்பட்ட நார்ம்கள் மொத்தம் குறைந்தது 27 ஆட்டங்களை உள்ளடக்க வேண்டும் என்பதால், நடைமுறையில் ஒன்பது சுற்றுகள் கொண்ட மூன்று போட்டிகள் என்று அமைகிறது.

பல கூட்டமைப்புகளின் வீரர்கள் வேண்டும் என்ற விதி, ஒரே வட்டத்துக்குள் ஒருவருக்கொருவர் ரேட்டிங்கை உயர்த்திக்கொள்ளும் ஆபத்தைக் குறைக்கிறது. அதே விதிதான் இளம் வீரர்களையும் அவர்களது பெற்றோரையும் ஹங்கேரி, செர்பியா, ஸ்பெயின் என்று பயணிக்க வைக்கிறது; பல நாட்டுக் கிராண்ட்மாஸ்டர்கள் குறைந்த தொலைவில் கூடும் இடம் ஐரோப்பாதான். பட்டம் பெறுவதில் திறமையோடு பயணச் செலவும் ஓர் அங்கமாகிவிட்டது என்பது இம்முறையின் உண்மையான குறை. வசதியில்லாத குடும்பங்களின் பிள்ளைகள் இதனால் பின்தங்குகிறார்கள்.

ரேட்டிங், நார்ம் என்ற இரண்டும் ஏன் வேண்டும்? நார்ம் ஒரு வீரரின் உச்சத்தைக் காட்டுகிறது. ரேட்டிங் அவருடைய அன்றாட நிலையைக் காட்டுகிறது. நல்ல ஒரு வாரம் யாருக்கும் வாய்க்கலாம். அப்படிப்பட்ட மூன்று வாரங்களும், அவற்றுக்கு இடையிலான நூற்றுக்கணக்கான ஆட்டங்களில் நிலைத்தன்மையும் வேண்டும் என்று கேட்பதன் மூலம் ஃபிடே அதிர்ஷ்டத்தின் பங்கைக் குறைக்கிறது. ஆர். வைஷாலி தம் மூன்றாவது நார்மை 2023 அக்டோபரில் கத்தாரில் பெற்றார். ஆனால் 2500-ஐக் கடந்தது அதே ஆண்டு டிசம்பரில் ஸ்பெயினில். ஏற்கெனவே கிராண்ட்மாஸ்டராக இருந்த அவருடைய தம்பி ஆர். பிரக்ஞானந்தாவுடன் சேர்ந்து, இப்பட்டம் பெற்ற உலகின் முதல் அக்காவும் தம்பியும் ஆனார்கள்.

திவ்யா வந்த வழி வேறு. மகளிர் உலகக் கோப்பை போன்ற ஒரு சில போட்டிகளை வெல்வதே கிராண்ட்மாஸ்டர் தரத்துக்குப் போதிய சான்று என்று ஃபிடே கருதி, அவற்றை வென்றவர்களுக்கு நேரடியாகப் பட்டம் அளிக்கிறது. அத்தகைய போட்டிகள் மிகச் சிலவே. ஒவ்வொன்றுக்கும் வெற்றியாளர் ஒருவரே. ஆகவே அதைக் குறுக்கு வழி என்று எண்ணுவது தவறு.

இங்கே அடிக்கடி ஏற்படும் ஒரு குழப்பத்தையும் நீக்கிவிட வேண்டும். மகளிர் கிராண்ட்மாஸ்டர் என்பது தனிப் பட்டம். அதற்குத் தேவையான ரேட்டிங் 2300. கிராண்ட்மாஸ்டர் பட்டத்தில் ஆண், பெண் என்ற பிரிவு இல்லை. தகுதி அனைவருக்கும் ஒன்றே. அதை முதலில் பெற்ற பெண், ஜார்ஜியாவின் நோனா கப்ரிந்தாஷ்விலி, 1978-ல். ஹங்கேரியின் ஜூடித் போல்கர் 1991-ல் பதினைந்து வயதில் இப்பட்டத்தைப் பெற்றபோது, 1958 முதல் பாபி ஃபிஷர் வசம் இருந்த இளவயதுச் சாதனையை முறியடித்தார். பின்னாளில் 2735 வரை உயர்ந்து உலகின் முதல் பத்துப் பேருக்குள் இடம்பெற்ற ஒரே பெண் அவரே.

இளவயதுச் சாதனை அதன் பிறகு வேகமாக இறங்கியது. 2002-ல் செர்கேய் கர்யாகின் 12 வயது 7 மாதத்தில் பட்டம் பெற்றார், 2019-ல் டி. குகேஷ் அந்தச் சாதனையை வெறும் பதினேழு நாள்களில் தவறவிட்டார். 2021-ல் அமெரிக்காவின் அபிமன்யு மிஸ்ரா புடாபெஸ்டில் ஆடி 12 வயது 4 மாதத்தில் அதை முறியடித்தார். கணினியின் துணையால் பயிற்சி மாறியதே இதற்கு முதன்மைக் காரணம். அறுபது ஆண்டுகளுக்கு முன்பு ஒரு தொடக்க நகர்த்தல் வரிசை சரியா என்று அறிய வாரக்கணக்கில் பலகையின் முன் அமர வேண்டியிருந்தது. இன்று ஒரு சிறுவன் அதைச் சில நிமிடங்களில் சரிபார்க்கிறான். இருந்தும் பட்டம் பெற்ற வயதை வைத்து ஒருவரின் எதிர்காலத்தைக் கணிக்க முடியாது. விஸ்வநாதன் ஆனந்த் 1988-ல் இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆனபோது அவருக்கு வயது பதினெட்டு. மேனுவல் ஆரோன் 1961-ல் நாட்டின் முதல் இன்டர்நேஷனல் மாஸ்டர் ஆகி 27 ஆண்டுகள் கழிந்திருந்தன. ஆனந்துக்கு முன் அந்த வழியில் சென்று காட்டியவர் நாட்டில் யாரும் இல்லை.

இதுவரை உலகில் இரண்டாயிரத்துக்கும் மேற்பட்டோர் கிராண்ட்மாஸ்டர் ஆகியிருக்கிறார்கள். அவர்கள் அனைவரும் ஒரே வலிமை உடையவர்கள் என்று நினைப்பதே தொடக்கநிலை ரசிகர்கள் பெரும்பாலும் கொள்ளும் பிழையான எண்ணம். 2500 ரேட்டிங் உள்ளவரும் கிராண்ட்மாஸ்டர். 2014 மே மாதம் 2882-ஐத் தொட்டு, இன்றுவரை வேறு யாரும் தொடாத உயரத்தை எட்டிய மேக்னஸ் கார்ல்சனும் கிராண்ட்மாஸ்டர். 300 புள்ளி வித்தியாசம் என்றால், நூறு ஆட்டங்கள் ஆடினால் வலியவர் ஏறத்தாழ 85 புள்ளிகளை எடுப்பார் என்று பொருள். இதனால்தான் 2700-ஐக் கடந்தவர்களை ரசிகர்கள் சூப்பர் கிராண்ட்மாஸ்டர் என்று அழைக்கிறார்கள். அது அதிகாரபூர்வப் பட்டமன்று. பட்டம் ஒரு குறைந்தபட்ச அளவைத்தான் உறுதிசெய்கிறது, அதற்கு மேல் ஒருவர் எவ்வளவு தூரம் சென்றார் என்பதை அவருடைய வாழ்க்கைப் பாதையை வைத்தே அறிய வேண்டும்.

அந்தப் பாதைகளில் மிகவும் குறுகலானது உலகச் சாம்பியன் போட்டியை நோக்கிச் செல்வது. உலகக் கோப்பை, கிராண்ட் ஸ்விஸ் முதலிய போட்டிகளின் வழியாக எட்டுப் பேர் கேண்டிடேட்ஸ் போட்டிக்குத் தேர்வாகிறார்கள். பதினான்கு சுற்றுகள் ஆடி அதை வெல்பவர் மட்டுமே சாம்பியனை எதிர்க்க முடியும். குகேஷ் 2024 ஏப்ரலில் டொராண்டோவில் ஒன்பது புள்ளிகளுடன் அதை வென்று, டிசம்பரில் சிங்கப்பூரில் அன்றைய சாம்பியன் டிங் லிரெனை 7½–6½ என்ற கணக்கில் தோற்கடித்தார். பதினான்காவது ஆட்டத்தில், டிராவை நோக்கிச் சென்றுகொண்டிருந்த இறுதிக்கட்டத்தில் டிங் தம் யானையை ஒரு தவறான கட்டத்துக்கு நகர்த்த, காய்களை மாற்றிக்கொண்டு ராஜாவையும் சிப்பாய்களையும் மட்டும் வைத்தே வெல்லும் நிலை குகேஷுக்குக் கிடைத்தது. பதினெட்டு வயதில் அவர் பெற்ற மகுடம், 1985-ல் 22 வயதில் சாம்பியனான காரி காஸ்பரோவின் இளவயதுச் சாதனையை முறியடித்தது.

ஆனந்தின் சாதனையை அளவிடும்போது ஐந்து உலகச் சாம்பியன் பட்டங்கள் என்ற எண்ணிக்கையைவிட, அவை எந்தெந்த வடிவங்களில் வந்தன என்பதையே நான் முக்கியமாகக் கருதுகிறேன். 2000-ல் தோற்றவர் வெளியேறும் நாக்அவுட் முறையிலும், 2007-ல் மெக்சிகோ நகரில் எட்டுப் பேர் ஒருவரோடொருவர் சுழல்முறையில் ஆடிய போட்டியிலும், 2008, 2010, 2012-ல் கிராம்னிக், தோபலோவ், கெல்ஃபாண்ட் ஆகியோருடன் நேருக்கு நேர் நடந்த போட்டிகளிலும் வென்றார். இந்த மூன்று வடிவங்களும் வெவ்வேறு குணங்களைக் கேட்பவை: நாக்அவுட்டில் ஒரு தவறு போட்டியையே முடித்துவிடும், சுழல்முறையில் யாரிடம் அபாயத்தை ஏற்பது என்று தேர்ந்தெடுக்க வேண்டும், நேருக்கு நேர் போட்டியில் ஒரே மனிதரின் சிந்தனையை மாதக்கணக்கில் ஆராய்ந்து தயாராக வேண்டும்.

அந்தத் தயாரிப்பு தனி ஒருவரால் ஆவதன்று. 2008-ல் ஆனந்துக்கு உதவியாளர்களாக இருந்தவர்கள் பீட்டர் ஹைனே நீல்சன், ருஸ்தம் காசிம்ஜானோவ், ரதோஸ்லாவ் வோய்தாஷெக், சூர்ய சேகர் கங்குலி ஆகிய நால்வர். நால்வருமே கிராண்ட்மாஸ்டர்கள், காசிம்ஜானோவ் 2004-ல் ஃபிடே உலகப் பட்டத்தையே வென்றவர். எதிராளிக்குத் தெரியாமல் புதிய நகர்த்தல்களைத் தேடித் தருவதும், தாம் கண்டுபிடித்ததை வேறொருவர் ஆடுவதைப் பார்த்திருப்பதும் இவர்களின் பணி. பின்னாளில் ஆனந்துக்கு உதவிய போலந்தின் கிரெஸெகோஷ் கயேவ்ஸ்கிதான், சிங்கப்பூரில் குகேஷின் அணியை வழிநடத்தினார். பரிசுப் பட்டியலில் பெயர் வராத இப்பணியும் கிராண்ட்மாஸ்டர் வாழ்வின் ஒரு முழுமையான தொழிலே.

பயிற்சியாளராவது மற்றொரு பாதை. 2002-ல் பிரிட்டிஷ் சாம்பியன்ஷிப்பை வென்ற ஆர். பி. ரமேஷ் கற்பிப்பதைத் தம் முழுநேரப் பணியாக்கினார். பிரக்ஞானந்தா அவரிடம் பயின்றவர். குகேஷைச் சிறு வயதில் பயிற்றுவித்த விஷ்ணு பிரசன்னாவும் கிராண்ட்மாஸ்டரே. ஹிகாரு நகமுரா இணைய ஒளிபரப்பின் மூலம் பெருந்திரளான பார்வையாளர்களைப் பெற்ற பின்னும் உலகத் தரவரிசையின் முன்வரிசையில் நீடிக்கிறார். செஸ்ஸை மட்டுமே நம்பாதவர்களும் உண்டு: போட்வின்னிக் மின்பொறியாளர், மார்க் தைமானோவ் மேடைப் பியானோ கலைஞர், ஜான் நன் கணிதத்தில் முனைவர், கென்னத் ரோகாஃப் பொருளாதாரப் பேராசிரியர்.

எவ்வளவு காலம் உச்சத்தில் நீடித்தார் என்பதும் ஓர் அளவுகோல். காஸ்பரோவ் ஏறத்தாழ இருபது ஆண்டுகள் தரவரிசையில் முதலிடத்தில் இருந்தார். வசீலி ஸ்மிஸ்லோவ் தம் 63-வது வயதை ஒட்டி, 1984-ல் கேண்டிடேட்ஸ் இறுதிவரை வந்தார். விக்டர் கோர்ச்னாய் உலகச் சாம்பியன் ஆகவே இல்லை. 1978-லும் 1981-லும் அதற்கான போட்டியில் அன்றைய சாம்பியன் அனதோலி கார்போவிடம் தோற்றார். ஆனால் 2011-ல், எண்பது வயதில், சுவிட்சர்லாந்தின் தேசியச் சாம்பியன்ஷிப்பை வென்றார். இத்தகைய வாழ்க்கையை மகுடங்களின் எண்ணிக்கையால் அளப்பது பொருந்தாது.

வெவ்வேறு காலத்தவரை ஒப்பிடும்போது ரேட்டிங்கை அப்படியே எடுத்துக்கொள்ளக் கூடாது, ஏனெனில் அது அந்தந்தக் காலத்தில் ஆடியவர்களுக்கு இடையிலான ஒப்பீட்டு எண். 1972-ல் ஃபிஷரின் ரேட்டிங் 2785; இன்றைய பட்டியலில் அது ஒரு சில முன்னணி வீரர்களும் எட்டும் எண். ஆனால் அன்று இரண்டாம் இடத்தில் இருந்த ஸ்பாஸ்கியின் ரேட்டிங் 2660, இடைவெளி 125. அதற்கு முந்தைய ஆண்டில்தான் ஃபிஷர் தைமானோவையும் பெண்ட் லார்சனையும் தலா 6–0 என்று, ஒரு டிராகூட விடாமல் தோற்கடித்திருந்தார். அடுத்த இடத்தில் இருப்பவருக்கும் தமக்கும் ஒருவர் ஏற்படுத்திய தூரம், எண்ணைவிட அதிகம் சொல்கிறது.

ஃபிடே இணையதளத்தில் எந்த வீரரின் பெயரையும் தேடினால் அவருடைய பட்டம், கிளாசிக்கல், ரேபிட், பிளிட்ஸ் என்ற மூன்று ரேட்டிங்குகள், காலவாரியாக ரேட்டிங் ஏறி இறங்கிய வரைபடம் ஆகியவற்றைப் பார்க்கலாம். புதிதாகச் செஸ் செய்திகளைப் பின்தொடர்பவர்கள் முதலில் கிளாசிக்கல் ரேட்டிங்கையும், பிறகு அந்த வரைபடத்தில் 2400-லிருந்து 2500 வரையிலான பகுதி எத்தனை ஆண்டுகள் நீண்டிருக்கிறது என்பதையும் பார்க்கலாம். அடுத்த முறை ஒருவர் இரண்டாவது நார்ம் பெற்றார் என்று செய்தி வரும்போது, அவருக்கு இன்னும் ஒரு நார்ம் வேண்டும் என்பதோடு, அவருடைய ரேட்டிங் 2500-க்கு எவ்வளவு அருகில் உள்ளது என்பதையும் சேர்த்துப் பார்த்தால் பட்டம் எவ்வளவு தொலைவில் இருக்கிறது என்று ஓரளவு கணித்துவிடலாம்.